மஞ்சள் தண்ணீர்

ராஜா தேசிங்கைப் பற்றி ஒரு சரித்திரக் கதை எழுத வேண்டும் என்று எனக்கு வெகு நாளாக ஆசை. அதற்காக ராணிப்பேட்டையை ஒரு தடவை பார்த்து வரலாம் என்று ஒரு நாள் காலையில் சென்னையிலிருந்து கிளம்பினேன். ஸ்ரீபெரும்புதூர் வரையில் கதை மனத்தில் நன்றாகவே ஓடிக் கொண்டிருந்தது. உடையவர் அவதரித்த அந்த ஊரைச் சுற்றி இப்போது எங்கு பார்த்தாலும் தொழிற்சாலை மதில்கள். இருங்காட்டுக்கோட்டையில் 1998 முதல் கார் செய்கிறார்கள். ஒரகடம் பக்கம் திரும்பினால் காரும் லாரியும் மோட்டார் சைக்கிளும் அணி வகுத்து வருகின்றன. வண்டி ஓட்டி வந்த இளைஞர் அந்தப் பக்கத்துக்காரர்.

"எங்க தாத்தா காலத்துல இதெல்லாம் ஏரிப் பாசன நிலம், சார்" என்றார். சற்றுப் பொறுத்து, "இந்தக் கம்பெனிங்க ஒரு நாள் போயிட்டா, தரைக்குள்ள என்னத்தை விட்டுட்டுப் போவாங்க, சார்?" என்று கேட்டார்.

இது என்னடா விபரீதக் கேள்வி என்று பேசாமல் இருந்துவிட்டேன். கேள்விக்கு விடை அதே சாலையில் சுமார் 70 கிலோமீட்டர் தள்ளிக் காத்திருந்தது.

1714-ல் செஞ்சிக்கு அருகே நடந்த சண்டையில் தேசிங்கு மாண்டான். அவனுடைய இளம் மனைவி உடன்கட்டை ஏறினாள். ஜெயித்தவனான ஆர்க்காட்டு நவாப் சாதத்துல்லா கான் மனம் கலங்கி, அந்தப் பெண்ணின் நினைவாகப் பாலாற்றின் வடகரையில் ஒரு பேட்டையை உண்டாக்கினான் என்று சரித்திரக்காரர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். பக்கத்தில் ஒன்பது லட்சம் மரங்கள் கொண்ட தோட்டம் ஒன்றும் போட்டானாம். மரங்களை யார் எண்ணினார்களோ, தெரியாது. ஆனால் 'நவ்லாக்' என்ற பெயர் இன்றைக்கும் அங்கே இருக்கிறது. எதிர்க்கரையில் ஆர்க்காடு. 1751-ல் கிளைவ் முற்றுகையைத் தாக்குப் பிடித்த ஊர். நாவலாசிரியனுக்கு இதைவிட என்ன வேண்டும்?

தோல் சமாசாரம் இதற்குப் பிறகு வருகிறது. முன்னாளில் நம்மவர்கள் ஆவாரம் பட்டையில் தோலை வாரக் கணக்காக ஊற வைத்துப் பதனிட்டார்கள். அமெரிக்காவில் 1884-ல் குரோமிய உப்பால் பதனிடும் முறைக்குக் காப்புரிமை பெற்றார்கள். வாரக் கணக்கு நாள் கணக்காகச் சுருங்கியது. இந்த நூற்றாண்டு மாறும் வேகத்துக்கு ஆவாரம் பட்டை ஈடு கொடுக்குமா? சிப்காட் ஸ்தாபனம் 1971-ல் ஏற்பட்டு, ஆரம்பத்திலேயே ராணிப்பேட்டையில் தொழிற்பேட்டை அமைத்தது. சுற்றியிருந்த தோல் ஷாப்புகளுக்கு வேண்டிய குரோமிய உப்பைச் செய்வதற்காக, 1970-களின் நடுவில் தமிழ்நாடு குரோமேட்ஸ் அண்ட் கெமிக்கல்ஸ் லிமிடெட் என்ற கம்பெனி அங்கே உற்பத்தியைத் தொடங்கியது.

குரோமியத்துக்கு இரண்டு வேஷம் உண்டு. ஒன்று பச்சை, தோலில் ஒட்டிக் கொண்டு கிடக்கும் சாது. மற்றொன்று மஞ்சள், தண்ணீரில் சர்க்கரை மாதிரி கரையும், மண்ணுக்குள் வெகு தூரம் பிரயாணம் செய்யும். அதன் தூசியைச் சுவாசித்து வேலை செய்தவர்களுக்கு மூக்கின் நடுத்தண்டு ஓட்டையாகும். நுரையீரலில் புற்றுநோய் வரும். தாதுவைச் சோடாவும் சுண்ணாம்பும் சேர்த்துச் சூளையில் வறுத்து, கரைந்ததை எடுத்துக் கொண்டு சக்கையைக் கொட்டுவார்கள். சக்கையிலும் மஞ்சள் கொஞ்சம் தங்கிவிடும். கொஞ்சம் என்றால், இருபது வருஷத்துக் கொஞ்சம்!

1990-களின் நடுவில் கம்பெனி மூடப்பட்டது. சக்கை மட்டும் மலையாக நின்றது. சர்க்கார் கணக்குப்படி சுமார் 2.27 லட்சம் டன். லாரிக்குப் பத்து டன் என்று வைத்துக் கொண்டாலும் 22,700 நடை. அதற்குக் கூரையும் இல்லை, அடியில் விரிப்பும் இல்லை. ஹைதராபாத்தில் உள்ள தேசிய பூபௌதிக ஆராய்ச்சி நிலையத்தார் வந்து கிணறுகளைச் சோதித்து, விஷம் நிலத்தடி நீரில் பரவியிருப்பதைக் கண்டார்கள். குடிநீரில் லிட்டருக்கு 0.05 மில்லிகிராமுக்கு மேல் குரோமியம் கூடாது என்பது நம் நாட்டு விதி. 2006-ல் நியூயார்க்கின் பிளாக்ஸ்மித் நிறுவனம் உலகத்திலேயே மிகவும் மாசுபட்ட பத்து இடங்களின் பட்டியலை வெளியிட்டபோது, செர்னோபிலுடன் சரியாசனம் போட்டு ராணிப்பேட்டையையும் உட்கார வைத்தது.

நான் ஒரு ஓடைக்கரையில் இறங்கி நின்றேன். புல் அறுத்துக் கொண்டிருந்த அம்மாள் ஒருத்தி, "கையை நனைச்சிடாதீங்க ஐயா, மழை பெஞ்சா இதுல மஞ்சத் தண்ணிதான் வரும்" என்றாள். மஞ்சள் நீர் என்றால் நமக்குக் கல்யாணமும் மாரியம்மன் திருவிழாவும் அல்லவா ஞாபகம் வரும்?

சுத்தம் செய்ய வழி இல்லாமலில்லை. நம் நாட்டு மருந்துக் கடையில் விற்கும் அன்னபேதி இருக்கிறதே, அந்த இரும்பு உப்பு, மஞ்சளைப் பச்சையாக்கிவிடும். வெல்லக் கழிவுப் பாகை நிலத்துக்குள் செலுத்தினால், அதைத் தின்று பெருகும் கிருமிகளும் அதே காரியத்தைச் செய்யும். ஆனால் மலை மேலே இருக்கும் மட்டும் கீழே வைத்தியம் செய்வது, குழாயைத் திறந்து விட்டுத் தரையைத் துடைப்பது போலத்தான். மலையை முதலில் அப்புறப்படுத்த வேண்டும், அல்லது மழை புகாமல் அடைத்து மூட வேண்டும். கலிபோர்னியாவில் ஹிங்க்லி என்ற சிற்றூரில் ஒரு கம்பெனி 1952 முதல் 1966 வரை இதே மஞ்சளை நிலத்தில் விட்டது. 1996-ல் ஜனங்களுக்கு 33.3 கோடி டாலர் கொடுத்தது. அங்கே நிலத்தடியில் ஆல்கஹாலைச் செலுத்தி, நீரை இறைத்துக் குதிரைமசால் வயலுக்குப் பாய்ச்சி, சுத்தம் செய்யும் வேலை இன்னும் முடியவில்லை. அங்கே பணம் கட்டுவதற்கு ஒரு கம்பெனியாவது உயிரோடு இருந்தது.

இங்கே? 1996 ஆகஸ்டில் வேலூர்ப் பிரஜைகளின் வழக்கில் சுப்ரீம் கோர்ட், தோல் பதனிடும் ஆலைகளைக் குறித்து, கெடுத்தவனே செலவைக் கொடுக்க வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னது. 2025 ஜனவரியில் மறுபடியும் சொன்னது. நல்ல தர்மம்தான். கெடுத்தவன் கதவைப் பூட்டிக் கொண்டு போய்விட்டால் யாரிடம் கேட்பது? ராணிப்பேட்டையில் அந்தச் சுமை சர்க்கார் தலையில், அதாவது நம் தலையில், வந்து விழுந்தது. திட்டங்களும் மதிப்பீடுகளும் மேஜைக்கு மேஜை நடந்தன. கால் நூற்றாண்டு கடந்தும் மலை அசையவில்லை.

திரும்பி வரும்போது ஸ்ரீபெரும்புதூரில் விளக்கேற்றிவிட்டார்கள். வண்டிக்கார இளைஞரிடம் காலையில் அவர் கேட்டதற்குப் பதில் சொன்னேன். அவர் சற்று நேரம் பேசவில்லை. அப்புறம், "கம்பெனி திறக்கிறப்பவே அந்தப் பணத்தை வாங்கி வெச்சிட முடியாதா, சார்?" என்றார்.

தேசிங்கு ராணியின் கதையை இந்த மாதம் எதிர்பார்த்த நேயர்கள் மன்னிக்க வேண்டும்.