செங்கல்பட்டு என்றொரு ஜில்லா

"நாங்க காஞ்சிபுரம் மாவட்டம்தானே மேடம், இதுல ஏன் செங்கல்பட்டு ஜில்லான்னு இருக்கு?" ஒரகடத்தில் ஆலை வேலைக்குப் போகும் என் முன்னாள் மாணவி, பாட்டியின் டிரங்குப் பெட்டியில் கிடைத்த ஒப்படைப் பட்டாவை நீட்டிக் கேட்டாள்.

1763இல் ஆற்காட்டு நவாப் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஜாகிராகக் கொடுத்த பகுதியே பின்னர் செங்கல்பட்டு ஜில்லா ஆனது. சென்னையைச் சுற்றிக் கிடந்த ஏரிப்பாசன ஊர்களின் ஜில்லா. பெயர் செங்கல்பட்டு என்றாலும் ஆட்சியர் அலுவலகம் நெடுங்காலம் சைதாப்பேட்டையிலும் பிறகு காஞ்சிபுரத்திலும் இருந்தது. 1997இல் அது காஞ்சிபுரம், திருவள்ளூர் என இரண்டானது. 2019இல் காஞ்சிபுரத்திலிருந்து பிரித்து மீண்டும் ஒரு செங்கல்பட்டு மாவட்டத்தை உருவாக்கினார்கள். ஸ்ரீபெரும்புதூரும் ஒரகடமும் அதில் இல்லை.

அவள் கையிலிருந்த தாளுக்கும் இந்த ஜில்லாவில்தான் வேர். 1891இல் செங்கல்பட்டு ஆட்சியர் ட்ரெமென்ஹீர், பறையர் மக்களின் நிலமற்ற வாழ்வையும் கொத்தடிமை நிலையையும் விரிவாக எழுதி அரசுக்கு அனுப்பினார். அதன் தொடர்ச்சியாக 1892இல் பிறந்ததே பஞ்சமி நில அரசாணை. மாகாணம் முழுவதும் ஏறக்குறைய 12 லட்சம் ஏக்கர் ஒப்படைக்கப்பட்டதாகச் சொல்லப்படுகிறது. முதல் பத்தாண்டுகளுக்கு விற்கக் கூடாது. அதன் பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பார் அல்லாதவருக்கு விற்கக் கூடாது என்பது நிபந்தனை. ஆனாலும் நிலம் கைமாறியது. அதை மீட்கக் கேட்ட காரணை மக்களுக்கு ஆதரவாக 1994 அக்டோபரில் செங்கல்பட்டில் நடந்த போராட்டத்தில் போலீஸ் சுட்டது. ஜான் தாமஸ், ஏழுமலை இருவரும் உயிரிழந்தார்கள்.

இந்த வரலாற்றில் பெண்ணைத் தேடினால் அவள் வயலில் இருக்கிறாள், தாளில் இல்லை. நாற்று நட்டவள், களை எடுத்தவள் அவள். பட்டா பெரும்பாலும் குடும்பத்து ஆண் பெயரில். 1989இல் தமிழ்நாடு மகள்களுக்குப் பரம்பரைச் சொத்தில் சமபங்கு தந்தபோதும், அதற்கு முன்பே மணமாகிப் போனவர்களை விட்டுவிட்டது. தொண்ணூறுகள் முதல் இங்கே தொழிற்பேட்டைகள் பெருகின. நிலத்துக்கான இழப்பீடு பட்டாவில் பெயருள்ளவருக்குப் போனது. மாடு மேய்த்த புறம்போக்குக்கும் சுள்ளி பொறுக்கிய ஏரிக்கரைக்கும் அவளிடம் என்ன தாள் இருந்தது?

பேத்திகள் இப்போது ஆலைக்குள் இருக்கிறார்கள். 2021 டிசம்பரில் பூந்தமல்லி அருகே விடுதியில் உண்ட உணவு நஞ்சாகி நூற்றுக்கும் மேற்பட்ட பெண் தொழிலாளர்கள் மருத்துவமனைக்குப் போனார்கள். தோழிகளின் கதி தெரியாத பெண்கள் இரவெல்லாம் பெங்களூரு நெடுஞ்சாலையில் அமர்ந்தார்கள். விடுதி திருவள்ளூர் மாவட்டம், ஆலை காஞ்சிபுரம் மாவட்டம். பழைய ஜில்லாவைப் பிரித்த கோட்டை அவர்கள் ஒவ்வொரு ஷிப்டுக்கும் பேருந்தில் கடக்கிறார்கள்.

மாணவியின் தாளில் பாட்டியின் மாமனார் பெயர் இருந்தது. அந்த நிலம் எப்போதோ கைமாறி, இன்று மனைப்பிரிவாகக் கல் நட்டுக் கிடக்கிறது. "பாட்டி பேரு எங்கயும் இல்லையா மேடம்?" என்றாள். இல்லை.

பழைய பதிவேட்டைத் தேடும்போது செங்கல்பட்டு ஜில்லா என்றே கேள் என்று சொன்னேன். அதற்கு முன், பாட்டியை அழைத்துப் போய் எந்த மேடு, எந்த மடை, யார் வயல் பக்கத்தில் இருந்தது என்று எழுதி வை என்றேன். அந்த நிலத்தின் எல்லை அறிந்தவர்களில் உயிரோடிருப்பவர் அவர் ஒருவர்தான்.