படகில்லாத கரை: போர்க்காலத்தில் வங்கக் கடலோரம்

1942 மார்ச் 8ஆம் நாள் ஜப்பானியப் படைகள் இரங்கூன் நகரைக் கைப்பற்றின. வங்காளத்தின் கடலோர மக்களுடைய வாசலுக்கு இரண்டாம் உலகப் போர் வந்து நின்றது அப்போதுதான். மேற்கே மிதுனாப்பூர் முதல் 24 பர்கானா, குல்னா, பாகர்கஞ்ச், நவகாளி வழியாகக் கிழக்கே சிட்டகாங் வரை நீண்ட அந்தக் கரையில் வாழ்ந்தோருள் பெரும்பாலோர் எதிரிப்படைச் சிப்பாய் ஒருவனையும் இறுதிவரை நேரில் கண்டதில்லை. சிட்டகாங்கிலும் கல்கத்தாவிலும் குண்டுகள் விழுந்தன. அவற்றால் மாண்டோரும் உண்டு. ஆயினும் அடுத்த இரண்டு ஆண்டுகளில் அம்மாகாணம் இழந்த இலட்சக்கணக்கான உயிர்களை எடுத்தவை அந்தக் குண்டுகள் அல்ல. போர்முனையில் நிற்காத மக்கள் போரால் எவ்வாறு மாண்டனர் என்பதை நாம் அறிந்திருக்க வேண்டும். மாண்டவர்களுள் முஸ்லிம்களும் இந்துக்களும் இருந்தனர். பசி அவர்களிடையே வேற்றுமை பார்க்கவில்லை.

அந்த நிலத்தின் இயல்பை முதலில் மனத்தில் கொள்வோம். கங்கையும் பிரம்மபுத்திராவும் மேக்னாவும் கடலில் கலக்கும் கழிமுகம் அது. அங்கே ஆறுதான் சாலை. உழவன் ஆற்றிடைத் திட்டுகளில் உள்ள தன் வயலுக்குப் படகில் போவான். அறுத்த நெல்லைப் படகில் கொண்டு வருவான். சந்தைக்குப் படகு, மணமகளை அழைத்துவரப் படகு, நோயாளியை மருத்துவரிடம் சேர்க்கப் படகு. மீனவருக்கோ படகே வீடும் தொழிலும். அத்தகைய ஊரில் படகை எடுத்துவிட்டால், நம்மூரில் சாலையையும் பேருந்தையும் கடைத்தெருவையும் ஒரே நாளில் எடுத்துவிட்டதற்கு ஒப்பாகும்.

1942ஆம் ஆண்டு அதுவே நடந்தது. பர்மாவை வென்ற ஜப்பானியர் கடல்வழியாக வங்காளத்தில் இறங்கக்கூடும் என்று ஆங்கில அரசு அஞ்சியது. மலேயாவிலும் பர்மாவிலும் எதிரிப்படை கைக்குக் கிடைத்த படகுகளையும் மிதிவண்டிகளையும் உணவையும் பயன்படுத்தி முன்னேறியதை அது கண்டிருந்தது. ஆகவே, எதிரி வந்தால் அவனுக்கு உணவும் ஊர்தியும் கிடைக்கக்கூடாது என்று முடிவு செய்யப்பட்டது. கடலோர மாவட்டங்களில் உபரி என்று கருதப்பட்ட அரிசி முகவர்கள் மூலம் வாங்கி அப்புறப்படுத்தப்பட்டது. பத்துப் பேருக்கு மேல் ஏற்றக்கூடிய படகுகளையெல்லாம் ஒப்படைக்கவேண்டும் என்று ஆணை பிறந்தது. பதிவு செய்யப்பட்டிருந்த சுமார் 66,500 படகுகளுள் ஏறத்தாழ 46,000 படகுகள் அகற்றப்பட்டன அல்லது அழிக்கப்பட்டன. எஞ்சியவை மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவு.

வாங்கிய அரிசியின் அளவு மாகாணத்தின் மொத்த விளைச்சலோடு ஒப்பிட மிகச் சிறியதே. ஆனால் அரசே ஊர் ஊராக அரிசி வாங்குகிறது என்ற செய்தி மக்கள் மனத்தில் அச்சத்தை விதைத்தது. வைத்திருப்பவன் விற்கத் தயங்கினான். இல்லாதவன் என்ன விலையானாலும் வாங்கத் துடித்தான். படகுகளை இழந்ததன் தீங்கோ இன்னும் நேரடியானது. மீனவர் கடலுக்கும் பெரிய ஆறுகளுக்கும் செல்ல இயலவில்லை. குல்னா மாவட்டத்தில் குயவர்கள் தொழிலிழந்தனர்; மண்ணும் பானையும் படகேறித்தானே பயணம் செய்தன! திட்டுகளில் பயிரிட்டோர் தம் நிலத்தை எட்ட முடியாமல் கரையில் நின்றனர். ஓர் ஊரில் மிகுந்திருந்த நெல், அடுத்த ஊரின் பசிக்குப் போய்ச் சேர வழியற்றுப் போயிற்று.

படகுக்கு அரசு இழப்பீடு கொடுத்தது. படகின் உரிமையாளர் அதைப் பெற்றுக்கொண்டார். ஆனால் துடுப்புப் போட்டவனும் வலை இழுத்தவனும் சுமை தூக்கியவனும் உரிமையாளர்கள் அல்லர். அவர்களுடைய பெயர் எந்தப் பதிவேட்டிலும் இல்லை. பணம் பெற்றவருக்கும் அது சில மாதங்களுக்கே போதும். படகோ தலைமுறைக்குச் சோறு போடுவது. நாட்டைக் காக்க எடுத்த ஒரு முடிவின் சுமை, சுமக்க வலுவற்றவர் தோளில் இறங்கியது. பின்னர் நடந்த அனைத்தும் இதே வழியில்தான் நடந்தன.

பர்மா அரிசி நின்றுபோனதும் இக்காலத்திலேயே. போருக்கு முன் இந்தியா ஆண்டுதோறும் பத்து இலட்சம் டன்னுக்கும் மேலான அரிசியைப் பர்மாவிலிருந்து இறக்குமதி செய்துவந்தது. நம் தமிழகக் கரையும் திருவிதாங்கூரும் இலங்கையும் அந்த அரிசியைப் பெரிதும் நம்பியிருந்தன. அது நின்றதும் எல்லா இடங்களிலிருந்தும் வணிகர்கள் இந்தியச் சந்தையிலேயே அரிசி தேடலாயினர். மாகாணங்கள் ஒவ்வொன்றும் தத்தம் எல்லையை மூடிக்கொண்டன. பர்மாவிலிருந்து காடும் மலையும் கடந்து கால்நடையாக வந்த இலட்சக்கணக்கான இந்தியருள் தமிழரும் இருந்தனர். அரக்கான் வழியே வந்தவர்கள் முதலில் அடைந்த கரை சிட்டகாங். ஏற்கனவே நெருக்கடியில் இருந்த ஊர் அவர்களுக்கும் சோறிட வேண்டியிருந்தது.

1942 அக்டோபர் 16ஆம் நாள் பெரும்புயல் ஒன்று மிதுனாப்பூர்க் கடலோரத்தைத் தாக்கியது. கடல் உள்ளே புகுந்தது. அரசுக் கணக்கின்படி ஏறத்தாழ 14,500 மனிதரும் 1,90,000 கால்நடைகளும் மடிந்தனர். குளிர்கால அறுவடைக்கு நின்ற நெற்பயிர் சாய்ந்தது. சாயாமல் தப்பியதைப் பயிர்நோய் பற்றியது. உழவனிடம் இருந்த சேமிப்பும் உப்புநீரில் கரைந்தது.

டிசம்பர் 20ஆம் நாள் முதல் கல்கத்தாவின்மீது குண்டுகள் விழலாயின. அச்சத்தால் கடைகள் அடைபட்டன. நகருக்கு உணவு குறையக்கூடாதென்று வணிகரின் அரிசிக் கிடங்குகளை அரசு கையகப்படுத்தியது. வழக்கமான வணிகம் குலைந்தது. டிசம்பர் நடுவில் கல்கத்தாவில் ஒரு மணங்கு அரிசி, அதாவது ஏறத்தாழ 37 கிலோ, 13 அல்லது 14 ரூபாய்க்கு விற்றது. 1943 மார்ச்சில் அது 21 ரூபாய். மே மாத இறுதிக்குள் 30 ரூபாயைக் கடந்தது. ஆகஸ்டில் 37 ரூபாய். அக்டோபரில் சிட்டகாங்கில் 80 ரூபாய்க்கும் மேல் என்றும் டாக்காவில் 100 ரூபாயைத் தாண்டியது என்றும் செய்திகள் வந்தன. கூலியாளின் நாட்கூலியோ ஏறக்குறைய நின்ற இடத்திலேயே நின்றது.

இங்கே ஒரு கேள்வி எழும்: மாகாணத்தில் அரிசியே இல்லாமற் போயிற்றா? பொருளியல் அறிஞர் அமர்த்தியா சென் 1981இல் வெளியிட்ட தம் ஆய்வில் இதைக் கணக்கிட்டார். 1943இல் கிடைத்த உணவு தானியம் அதற்கு முந்திய ஐந்தாண்டுச் சராசரியைவிட ஏறத்தாழ 5 விழுக்காடே குறைவு என்றும், பஞ்சமில்லாத 1941ஆம் ஆண்டைவிட அது அதிகமே என்றும் அவர் காட்டினார். அக்கணக்கை மறுத்து, விளைச்சல் இன்னும் மோசமாக இருந்தது என்று வாதிடுவோரும் உண்டு. ஆனால் இருந்த அரிசி யாரிடம் போய்ச் சேர்ந்தது என்பதில் பெரிய ஐயம் இல்லை. போர்த்தொழிற்சாலை, துறைமுகம், இரயில்வே, அரசு அலுவலகம் ஆகியவற்றில் பணியாற்றியோர் முதன்மையானவர்களாகக் கருதப்பட்டனர். கல்கத்தாவில் அவர்களுக்குக் குறைந்த விலையில் அரிசி வழங்கப்பட்டது. கிராமத்துக் கூலியாளும் மீனவரும் படகோட்டியும் சந்தை விலைக்கே விடப்பட்டனர்.

பெண்களின் நிலை தனியே சொல்லத்தக்கது. கணவனை இழந்த எத்தனையோ ஏழைப் பெண்கள் பிறர் வீட்டு நெல்லைக் குத்திக் கொடுத்து, கூலியாகப் பெற்ற அரிசியில் பிள்ளைகளை வளர்த்தனர். நெல் சந்தையை விட்டு மறைந்ததும் அந்தக் கூலியும் மறைந்தது. உணவைத் தொடர்ந்து துணிக்கும் பஞ்சம் வந்தது. மாற்றுத்துணி இல்லாமையால் வீட்டைவிட்டு வெளியே வந்து உதவி கேட்கவும் இயலாத பெண்கள் இருந்தனர். மானத்தைக் காத்துக்கொண்டு உள்ளேயே இருந்தவர்களின் பசியை எந்தக் கஞ்சித்தொட்டியும் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை.

வீட்டில் இருந்தவற்றை மக்கள் ஒவ்வொன்றாக விற்றனர். முதலில் பாத்திரம், பிறகு மாடு, பிறகு கூரைத் தகரம், இறுதியில் நிலம். விற்க ஏதுமற்றவர்கள் கல்கத்தாவை நோக்கி நடந்தனர். நகரத் தெருக்களில் அவர்கள் சோறு கேட்கவில்லை. சோறு கிடைக்காதென்று அவர்களுக்குத் தெரியும். வீட்டு வாசல்களில் நின்று வடிகஞ்சி கேட்டனர். பஞ்சம் என்ற சொல்லைச் சட்டப்படி அறிவித்தால் செய்யவேண்டிய கடமைகள் பல. அரசு அதை அறிவிக்கவே இல்லை. 1943 ஆகஸ்ட் 22ஆம் நாள் ‘தி ஸ்டேட்ஸ்மன்’ நாளிதழ் தெருவில் மடிவோரின் புகைப்படங்களை வெளியிட்ட பின்னரே வெளியுலகம் விழித்துப் பார்த்தது.

ஹிஜ்ரி 1362ஆம் ஆண்டின் ரமளான் மாதம் அந்தச் செப்டம்பரில் வந்தது. பல வாரங்களாகப் பட்டினி கிடந்தவருக்கு நோன்பு எது, பசி எது? ஸஹருக்கு எதுவும் இல்லாத வீட்டில் இஃப்தாருக்கும் எதுவும் இல்லை. அக்டோபர் தொடக்கத்தில் ஈகைப் பெருநாள் வந்தபோது சாவுகள் உச்சத்தை நெருங்கியிருந்தன. ஃபித்ரா என்பது பெருநாளன்று எந்த ஏழையும் பசித்திருக்கக்கூடாது என்பதற்காக நம்மீது கடமையான தானியம். அதைப் பெறவேண்டியவர்கள் அவ்வாண்டு நடைபாதைகளில் கிடந்தனர்.

அவர்களுக்கு இறுதிக் கடமை செய்தவர்களை நாம் மறக்கலாகாது. சூரத்திலிருந்து வந்த வணிகர் ஒருவரால் 1905இல் கல்கத்தாவில் தொடங்கப்பட்ட அஞ்சுமன் முஃபீதுல் இஸ்லாம், உரிமை கோர ஆளில்லாத முஸ்லிம் ஜனாஸாக்களை எடுத்து அடக்கம் செய்தது. இந்துக்களின் உடல்களை இந்து சத்கார் சமிதி எரியூட்டியது. இரு அமைப்புகளும் ஒரே தெருக்களில் உடல்களைத் தேடிச் சென்றன. கையில் அடையாளம் ஏதுமின்றிக் கிடந்தவர்கள் யாராயினும் மரியாதையோடு மண்ணுக்கோ நெருப்புக்கோ சேரவேண்டும் என்ற எண்ணம் அவ்விரு சாராருக்கும் பொதுவாக இருந்தது.

அக்டோபரில் புதிய வைசிராயாகப் பொறுப்பேற்ற வேவல் பிரபு கல்கத்தா வந்து பார்த்தார். அதன்பின் உணவைக் கிராமங்களுக்குக் கொண்டுசெல்லும் பணியில் இராணுவம் இறக்கப்பட்டது. 1944 ஜனவரி இறுதியில் கல்கத்தாவில் பங்கீட்டு முறை தொடங்கியது. ஆனால் நலிந்த உடல்களை மலேரியாவும் காலராவும் பெரியம்மையும் தொடர்ந்து தின்றன. அரசு அமைத்த விசாரணைக் குழு இறந்தோர் தொகை ஏறத்தாழ 15 இலட்சம் என்றது. பிந்திய ஆய்வுகள் 30 இலட்சம் வரை சொல்கின்றன.

ஓவியர் ஜைனுல் ஆபிதீன் அப்போது கல்கத்தா அரசுக் கலைப்பள்ளியில் ஆசிரியர். முப்பது வயதைத் தொடாதவர். தெருவில் கண்டவற்றை மலிவான தாளில் கருமைக் கோடுகளால் வரைந்தார். எலும்பான தாய், அவள்மேல் சாய்ந்த குழந்தை, அருகில் காத்திருக்கும் காகம். அம்மக்களின் பெயர்கள் நமக்குக் கிடைக்கவில்லை. அந்தக் கோடுகள் கிடைத்திருக்கின்றன. பின்னாளில் டாக்காவில் கலைப்பள்ளியை நிறுவியவர்களுள் முதன்மையானவர் அவரே.

1943 ஜூன் மாதம் மாகாண அரசு பதுக்கலைத் தேடிக் கிராமம் கிராமமாகச் சோதனை நடத்தியது. கல்கத்தாவும் ஹவுராவும் அச்சோதனையிலிருந்து விலக்கப்பட்டிருந்தன. கிராமங்களில் பெரிய குவியல்கள் அகப்படவில்லை. பெருவணிகர் இலாபத்துக்காகத் தேக்கிவைத்தது ஒருபுறம். அச்சத்தால் எண்ணற்ற வீடுகள் தமக்கென்று இன்னும் ஒரு மூட்டையை ஒதுக்கிக்கொண்டது மறுபுறம். முதலாவதை நம் மார்க்கம் வெளிப்படையாகவே தடுத்திருக்கிறது. மக்களின் தேவை முற்றியிருக்கும்போது விலையேற்றத்தை எதிர்பார்த்து உணவைத் தேக்குவது பாவம் என்று நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் எச்சரித்தார்கள். இரண்டாவதோ நம் ஒவ்வொருவர் வீட்டுக்கும் உரிய சோதனை. புயல் வருகிறது, ஊரடங்கு வருகிறது என்று செய்தி வந்த மாலையில் மளிகைக் கடையில் நம் கை எத்தனை மூட்டைக்கு நீள்கிறது என்பதை நாமே அறிவோம். நாளைக்கென்று சிறிது வைத்துக்கொள்வது தவறன்று. அன்றாடக் கூலியில் அன்றாடம் வாங்குபவர் மறுநாள் காலையில் அதே கடைக்கு வருவார் என்பதை மறப்பதே தவறு.

வங்கக் கடலோரத்தின் மீனவர் தம் படகுகளைக் கொடுத்தபோது, அவர்கள் வீட்டு அடுப்பு எரிய என்ன வழி என்று கேட்க அவையில் போதிய குரல் இல்லை. நெருக்கடிக் காலத்தில் முடிவெடுக்கும் இடத்தில், அது அரசாயினும் ஊர் ஜமாஅத்தாயினும் ஒரு குடும்பத்தின் சமையலறையாயினும், அந்தக் கேள்வியைக் கேட்பவர் ஒருவரேனும் இருக்கவேண்டும். அத்தகையோராக நம்மையும் நம் பிள்ளைகளையும் அல்லாஹ் ஆக்குவானாக.