குடவோலையும் வண்டூர் வாக்குச் சீட்டும்

ஊர் என்பது தமிழில் ஒரு சிறு சொல். ஆயினும் அச்சிறு சொல்லுக்குள் ஒரு பேரரசே அடங்கியிருந்தது எனின் மிகையாகாது. சோழர் காலத்தில் பொதுவான உழுகுடிகளின் மன்றம் ‘ஊர்’ எனப்பட்டது. அந்தணர்க்கு விடப்பட்ட ஊர்களின் மன்றம் ‘சபை’ எனப்பட்டது. வணிகர் கூடிய மன்றம் ‘நகரம்’ எனப்பட்டது. இடத்தின் பெயரே ஆட்சியின் பெயருமாய் நின்ற பெற்றியை நோக்குக. கடல் கடந்து வந்து, வண்டூர் என்னும் இச்சிற்றூரிலும் இதனைச் சூழ்ந்த ஊர்களிலும் வாழும் தமிழராகிய நாம், ஆண்டு விழாக் கொண்டாடும் இந்நன்னாளில், நமது ஊராட்சியின் வரலாற்றைச் சிறிது எண்ணிப் பார்த்தல் பொருத்தமுடையது. மொழியைக் காப்பது ஒரு கடமையாயின், வாழும் மண்ணின் ஆட்சியில் பங்கு கொள்வது மற்றொரு கடமையன்றோ!

உத்தரமேரூரின் பெருமையும் குறையும்

காஞ்சிபுரத்தை அடுத்த உத்தரமேரூரில், வைகுண்டப் பெருமாள் கோயிற் சுவரில் முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் இரண்டு உள்ளன. அவை கி.பி. 919, 921 ஆகிய ஆண்டுகளுக்கு உரியவை. ஊரை முப்பது குடும்புகளாகப் பிரித்து, ஒவ்வொரு குடும்பிலும் தகுதியுடையார் பெயரை ஓலையில் எழுதிக் குடத்திலிட்டு, ஏதுமறியாச் சிறுவன் ஒருவனைக் கொண்டு எடுப்பித்து, வாரியப் பெருமக்களைத் தெரிந்தெடுத்த முறையை அவை விரித்துரைக்கின்றன. முன்னர்ப் பொறுப்பிலிருந்து கணக்குக் காட்டாதவரும், அவர்தம் நெருங்கிய உறவினரும் குடவோலைக்குத் தகுதியற்றோர் என்று விதித்தனர். ஆண்டு வாரியம், தோட்ட வாரியம், ஏரி வாரியம் எனப் பணிகளைப் பகுத்தனர். ஆயிரம் ஆண்டுகட்கு முன்னரே கணக்குக் காட்டும் நேர்மையைச் சட்டமாக்கிக் கல்லில் வெட்டிய மரபு நம்முடையது.

எனினும் பெருமை பேசுவோர் குறையை மறைத்தல் தகாது. வரி செலுத்தும் நிலமும், சொந்த மனையில் கட்டிய வீடும், வேதக் கல்வியும் உடைய ஆடவர்க்கே அக்குடத்தில் இடமிருந்தது. உழைத்த கைகட்கும் பெண்டிர்க்கும் அங்கே ஓலை இல்லை. நிலமில்லாத கூலியாளும் சமையற்கட்டில் நிற்கும் தாயும் ஊர்த்தலைமைக்கு நிற்கலாம் என்னும் நிலை, நமது காலம் பெற்ற பேறு. இதனை உளங்கொண்டே நம் தீவின் வரலாற்றைக் காணல் வேண்டும்.

தலைவரை நியமித்த காலம்

மாநக்கவாரம் என்னும் பெயரால் முதலாம் இராசேந்திர சோழனின் மெய்க்கீர்த்தியில் நிக்கோபார் இடம்பெற்றது. ஆயினும், இன்றைய நம் வாழ்வின் வரலாறு வெற்றி முழக்கத்தோடு தொடங்கவில்லை; விலங்கொலியோடு தொடங்கியது. 1858-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் ஆங்கிலேயர் கைதிகளைக் கொணர்ந்து இங்கே தண்டனைக் குடியேற்றத்தை அமைத்தனர். அந்தமான் பழங்குடியினர்க்குத் தொன்றுதொட்டு உரிய காடே அதற்கு நிலமாயிற்று. அவர்தம் இழப்பின் மீதே நம் ஊர்கள் யாவும் எழுந்தன என்பதை மறத்தல் அறமன்று.

நன்னடத்தை காட்டிய கைதிகட்கு நிலம் அளித்துத் தாமே உழுதுண்ணும் குடிகளாக்கியபோது ஊர்கள் தோன்றின. அவ்வூர்களுக்குச் ‘சௌத்ரி’ எனப்பட்ட தலைவர்கள் இருந்தனர். அவர்களை ஊரார் தெரிந்தெடுக்கவில்லை, அதிகாரிகளே நியமித்தனர். ஊரின் குறையை மேலே சொல்வதைவிட, மேலிடத்தின் ஆணையைக் கீழே சொல்வதே அத்தலைமையின் முதற்பணியாய் இருந்தது.

வண்டூர் என்னும் பெயரும் அக்காலத்தின் நினைவே. 1921-ஆம் ஆண்டு மலபாரில் எழுந்த கிளர்ச்சிக்குப் பின் நாடு கடத்தப்பட்ட மாப்பிள்ளைமார், தம் நாட்டூர்ப் பெயர்களையும் உடன் கொணர்ந்தனர். மஞ்சேரி, திரூர், கள்ளிக்கோட்டை, மண்ணார்க்காடு ஆகிய பெயர்கள் தென் அந்தமானில் வழங்குவது அதனாலேயே. மலப்புறத்து வண்டூரின் பெயரே நம் வண்டூர்க்கும் அமைந்தது. பிறந்த ஊரை இழந்தோர் அதன் பெயரையேனும் இழவாது காத்தனர். புலம்பெயர்ந்த நமக்கு அவ்வுள்ளம் நன்கு புரியும்.

1942-ஆம் ஆண்டு மார்ச்சு முதல் 1945-ஆம் ஆண்டு அக்டோபர் வரை சப்பானியர் ஆட்சியில் இத்தீவு மக்கள் பட்ட துயர் பெரிது. போர் முடிந்தபின் தண்டனைக் குடியேற்றம் ஒழிந்தது. கைதிகளின் தீவு குடிமக்களின் தீவாயிற்று. ஆனால், குடிமகன் என்னும் பெயர் வந்த அன்றே வாக்குரிமை முழுதும் கைக்கு வந்துவிடவில்லை.

படிப்படியாய் வந்த உரிமை

நாடு விடுதலை பெற்றபின், 1949-ஆம் ஆண்டு முதல் கிழக்கு வங்கத்து அகதிகள் தென் அந்தமானில் குடியேற்றப்பட்டனர். வண்டூரை அடுத்த ஹம்ப்ரிகஞ்ச், மங்களூட்டான் முதலிய ஊர்களில் அவர்கள் வயல் திருத்தினர். சோட்டா நாகபுரியிலிருந்து காட்டுவேலைக்கு வந்தோர் ‘ராஞ்சியர்’ எனப் பெயர் பெற்றனர். தமிழரோ பொதுப்பணிக்கும், துறைமுக வேலைக்கும், வணிகத்துக்கும் கப்பலேறி வந்தனர். 1964-ஆம் ஆண்டு இந்திய – இலங்கை ஒப்பந்தத்தின் பின் தாயகம் திரும்பிய மலையகத் தமிழருள் ஒரு சாரார் கச்சால் தீவின் ரப்பர்த் தோட்டத்தில் குடியமர்த்தப் பெற்றனர். 2011-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி தீவுகளின் மக்கள்தொகை 3,80,581. அவருள் நூற்றுக்குப் பதினைவர் தமிழைத் தாய்மொழியாய்க் கொண்டோர்.

1956-ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் இத்தீவுகள் ஒன்றிய ஆட்சிப்பகுதி ஆயின. நாட்டின் பிற பகுதிகளில் 1952-இலேயே மக்கள் வாக்களித்து மக்களவைக்கு உறுப்பினரை அனுப்பினர். இங்கோ குடியரசுத் தலைவரே உறுப்பினரை நியமித்தார். நிக்கோபாரைச் சேர்ந்த ஆயர் ஜான் ரிச்சர்ட்சன் அவ்வாறு முதற்கண் அமர்ந்தவர். 1967-ஆம் ஆண்டுதான் தீவு மக்கள் தம் வாக்கினால் கே. ஆர். கணேஷ் அவர்களை மக்களவைக்கு அனுப்பினர். சட்டமன்றமோ இன்றளவும் இங்கில்லை.

இந்நிலையில் ஊராட்சியின் அருமை தெளிவாகும். 1957-ஆம் ஆண்டு நகராட்சி வாரியங்களுக்கான ஒழுங்குமுறையும், 1961-ஆம் ஆண்டு கிராமப் பஞ்சாயத்துகளுக்கான ஒழுங்குமுறையும் வந்தன. சௌத்ரி இருந்த இடத்தில் மக்கள் மன்றம் வந்தமர இவையே முதற்படிகள்.

நான்கு வாக்குகள்

அரசியலமைப்பின் 73, 74-ஆம் திருத்தங்கள் 1993-ஆம் ஆண்டு நடைமுறைக்கு வந்தன. அவற்றைப் பின்பற்றி 1994-இல் தீவுகளுக்கெனப் புதிய பஞ்சாயத்து ஒழுங்குமுறையும் நகராட்சி ஒழுங்குமுறையும் இயற்றப்பட்டன. 1995-ஆம் ஆண்டு அவற்றின்படி முதற் பொதுத் தேர்தல் நடந்தது.

நம் வண்டூர்ப் பகுதியில் வாக்குச் சாவடிக்குச் செல்லும் குடிமகன் நான்கு பேரைத் தெரிந்தெடுக்கின்றான். தன் வார்டின் உறுப்பினர் ஒருவர். ஊர்த்தலைவராகிய பிரதான் ஒருவர். பஞ்சாயத்துச் சமிதிக்கு ஒருவர். மாவட்ட அளவிலான ஜில்லா பரிஷத்துக்கு ஒருவர். நகரத்தில் வாழ்பவனோ தன் வார்டின் உறுப்பினரை மட்டும் தெரிந்தெடுக்கின்றான். அவ்வுறுப்பினர் கூடித் தலைவரைத் தெரிகின்றனர். ஆதலின், தன் தலைவரைத் தானே நேரில் தெரியும் பேறு நகரத்தானைவிடச் சிற்றூரானுக்கே உண்டு.

மூன்றில் ஒரு பங்கு இடம் பெண்களுக்கு ஒதுக்கப்பட்டது. உத்தரமேரூர்க் குடத்தில் இல்லாத ஓலை இங்கே இடப்பட்டது. நிக்கோபார்ப் பழங்குடியினர் வாழும் பகுதிகளுக்கு இம்முறை செல்லாது. அங்கே அவர்தம் மரபை ஒட்டிய ஊர்த்தலைவர்களும் பழங்குடி மன்றங்களும் உள்ளன. எல்லார்க்கும் ஒரே சட்டை தைத்தல் பொருந்தாது என்பதற்கு இது சான்று.

2004-ஆம் ஆண்டு டிசம்பர் 26-ஆம் நாள் ஆழிப்பேரலை எழுந்தபோது, ஊராட்சி எதற்கு என்னும் வினாவுக்கு விடை கிடைத்தது. தென் அந்தமானின் நிலமே தாழ்ந்தமையால், சிப்பிகாட் முதலிய இடங்களில் வயல்களுக்குள் புகுந்த உவர்நீர் திரும்பவில்லை. எவர் வீடு எங்கிருந்தது, எவர் உழுத வயல் எது, எந்தக் கிணறு உப்பாயிற்று என்பவற்றைத் தொலைவிலுள்ள தலைநகர் அறியுமா? ஊரே அறியும். மறு ஆண்டு நடந்த உள்ளாட்சித் தேர்தல், இழப்பின் ஈரம் உலராத நிலத்தில் நடந்ததாகும்.

நகரம் ஊரை நோக்கி வருகிறது

இனி, நம் காலத்துச் சிக்கலுக்கு வருவோம். போர்ட் பிளேரிலிருந்து வண்டூர் ஏறத்தாழ 25 கிலோமீட்டர். முற்காலத்தில் நகரம் ஓரிடம், ஊர் ஓரிடம். இடையே காடும் வயலும். இன்றோ சாலையின் இருமருங்கும் வீடுகள் பெருகின. காராச்சர்மா, புரோத்ராப்பூர், பாம்பூபிளாட் ஆகிய ஊர்கள் பஞ்சாயத்துகளாய் இருக்கும்போதே 2011-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கில் நகரியல்புடையவையாய் எண்ணப்பட்டன. 2015-ஆம் ஆண்டுத் தேர்தலில், விரிந்த எல்லையோடு நகராட்சியின் வார்டுகள் 18-லிருந்து 24 ஆயின.

ஊர் நகராவது வளர்ச்சிதானே என்பர். ஆம், தெருவிளக்கும் குப்பை அகற்றலும் குழாய்நீரும் வரக்கூடும். ஆனால் கொள்வது இருப்பின் கொடுப்பதும் உண்டு. வரி கூடும். 2005-ஆம் ஆண்டின் ஊரக வேலையுறுதிச் சட்டம் போன்றவை தந்த வேலைநாள்கள் நகரெல்லைக்குள் கிடைப்பதில்லை. எல்லாவற்றினும் மேலாக, கிராம சபை மறைகின்றது. வாக்காளர் அனைவரும் ஓரிடத்தில் கூடி, ‘இத்தொகை எங்கே போயிற்று?’ என்று பிரதானை நேருக்கு நேர் வினவும் உரிமை அச்சபையினுடையது. கணக்குக் காட்டாதவன் நிற்கலாகாது என்ற உத்தரமேரூர்க் கல்வெட்டின் உயிர் கிராம சபையில்தான் வாழ்கிறது.

வண்டூரில் இவ்வினா மேலும் கூர்மை பெறும். 1983-இல் அமைந்த மகாத்மா காந்தி கடற்பூங்காவுக்குச் செல்லும் படகுத்துறை இங்கேதான் உள்ளது. ஒருபால் உழவும் மீன்பிடிப்பும், ஒருபால் காப்புக்காடும் கடற்பூங்காவும், ஒருபால் சுற்றுலா. எந்நிலத்தில் எது எழலாம், எவர்க்கு வேலை, எவர்க்குத் தடை என்பவற்றை ஊர் தன் வாயால் பேசாவிடின், பிறர் பேசுவர்.

2022-இல் கண்டது

2015-ஆம் ஆண்டு தெரிந்தெடுத்த மன்றங்களின் ஐந்தாண்டு 2020-இல் முடிந்தது. கொள்ளைநோய்க் காலம் குறுக்கிட்டது. அடுத்த தேர்தல் 2022-ஆம் ஆண்டு மார்ச்சு 6-ஆம் நாளே நடந்தது. சட்டமன்றம் இல்லாத நாட்டில் ஊர்மன்றமும் இல்லாத இடைவெளி எத்துணை வெறுமையானது என்பதை அக்காலத்தில் உணர்ந்தோம். சாக்கடை அடைத்தால் எவரிடம் செல்வது என்று அயலார் ஒருவரையொருவர் கேட்டுக்கொண்ட நாள்கள் அவை.

அத்தேர்தலில் போர்ட் பிளேர் நகராட்சியின் 24 இடங்களில் பாரதிய சனதாக் கட்சியும் காங்கிரசும் பத்துப் பத்து இடங்கள் பெற்றன. தெலுங்கு தேசம் இரண்டும், தி.மு.க. ஒன்றும், கட்சி சாராதவர் ஒருவரும் வென்றனர். இருபெருங் கட்சிகளுக்கிடையே ஓரிரு உறுப்பினர் கையில் துலாக்கோலின் முள் நின்றது. 2023-ஆம் ஆண்டு மார்ச்சில் தெலுங்கு தேசத்தைச் சார்ந்த எஸ். செல்வி அவர்கள், பாரதிய சனதாவின் துணையோடு நகராட்சித் தலைவரானார். ஆந்திரக் கட்சி, வடபுலக் கட்சியின் ஆதரவு, வங்கக் கடல் நடுவே ஒரு நகர்! மொழிக்கொரு வேலி கட்டி இத்தீவின் அரசியலை அளக்க முடியாது என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ? அந்நகரின் பெயரும் 2024-இல் ஸ்ரீ விஜய புரம் என மாறிற்று. பெயர் மாறினும் தெருவும் கிணறும் மாறவில்லை. அவற்றைக் காக்கும் கடமையும் மாறவில்லை.

ஒரு தன்வினை

இறுதியாக, என் குறையொன்றை ஈண்டு ஒப்புக்கொள்கிறேன். ஒரு தேர்தலின் முன்னர்க் குடும்பத்தோடு தாயகம் சென்று சில திங்கள் தங்கினேன். திரும்பி வந்து வாக்குச் சாவடியில் நின்றபோது பட்டியலில் என் பெயர் இல்லை. சினந்தேன், உரக்கப் பேசினேன். என் பின்னே நின்ற முதிய வங்காளி அன்னையார் ஒருவர், அமைதியாகத் தம் சீட்டைக் காட்டி, வரைவுப் பட்டியலை ஒட்டிய நாளிலேயே சென்று பார்த்ததாகச் சொன்னார். நான் பார்க்கவில்லை. அகதியாய் வந்தவர் குடிமகளாய் நின்றார். பெருமை பேசிய நான் வெறுங்கையோடு வீடு திரும்பினேன்.

நம்மில் பலர்க்கு உள்ளத்தில் ஒரு பயணப்பெட்டி என்றும் கட்டியபடியே உள்ளது. பெயரோ தாயகத்து ஊர்ப்பட்டியலில், உடலோ இங்கே. அங்கும் வாக்களிப்பதில்லை, இங்கும் வாக்களிப்பதில்லை. ஈரிடத்தும் இல்லாதவன் எவ்விடத்துக் குடிமகன்? நம் மக்கள் பயிலும் பள்ளியும், நாம் குடிக்கும் நீரும், நம் மூத்தோரை அடக்கிய மண்ணும் இங்கே இருக்க, வாக்கு மட்டும் எங்கே இருத்தல் வேண்டும்?

நம் மொழியினர் நிற்கின்றாரா என்று பார்த்து வாக்களிப்பது எளிது. அவர் கணக்குக் காட்டுவாரா என்று பார்த்து வாக்களிப்பதே உத்தரமேரூரின் வழித்தோன்றல்களுக்கு அழகு. 2022-இல் அமைந்த மன்றங்களின் ஐந்தாண்டு 2027-இல் நிறைவுறும். அதன்முன் வரைவுப் பட்டியல் ஒட்டப்படும் நாளில், சங்க உறுப்பினர் ஒவ்வொருவரும் தம் பெயரையும், அண்டை வீட்டார் பெயரையும் சென்று காண்க. அண்டை வீட்டார் வங்காளியாயினும், ராஞ்சியராயினும், மாப்பிள்ளையாயினும் காண்க. ஊர் என்னும் சொல் நமக்குத் தமிழ் தந்தது. வண்டூர் என்னும் ஊரையோ நாம் எல்லோரும் கூடியே ஆக்குதல் வேண்டும்.

வாழ்க ஊர்! வாழ்க தமிழ்!