பொழுதைப் பண்ணில் வைத்தவர்கள்

கடிகாரம் தோன்றுமுன் தமிழகத்தில் பொழுதைக் காத்தவர் இரு திறத்தார். ஒரு திறத்தார் நாழிகைக் கணக்கர். வட்டிலில் நீரளந்து, கழிந்த நாழிகை இத்தனை என்று பாசறையில் வேந்தனுக்கு எடுத்துரைத்த இவர்களை முல்லைப்பாட்டில் காண்கிறோம். மற்றொரு திறத்தார் பாணர். இவர்கள் பொழுதை அளந்தாரல்லர்; பண்ணால் எழுப்பினர், பண்ணால் துயிற்றினர். காலைக்கு மருதம், மாலைக்குச் செவ்வழி என்பது அக்குலத்தாரின் முறை.

அம்முறை ஒருகால் தலைகீழாயிற்று. புறநானூற்றின் 149ஆம் பாடலில் வன்பரணர் இதனைச் சொல்கிறார். நள்ளி என்னும் மலைநாட்டு வள்ளலை நோக்கி, ‘எம்மவர் மாலையில் மருதத்தை வாசிக்கின்றனர், காலையில் செவ்வழியை வாசிக்கின்றனர், முறையை மறந்துவிட்டனர், உன் வண்மையே அதற்குக் காரணம்’ என்னும் பொருள்படப் பாடுகிறார். புலவர் இதனைப் புகழாகவே சொன்னார். வயிறு நிறைந்தது, பசிக்கவலை ஒழிந்தது, காலையும் மாலையும் மாறிப் போயின! ஆயினும் இப்பாடலை நாம் வேறொரு கண்ணாலும் காணலாம். மாறியதைப் புலவர் குறித்துச் சொல்ல வேண்டுமாயின், மாறாத முறை அவையோர் அனைவருக்கும் தெரிந்திருந்தது என்பது தெளிவு. இன்று காலை பத்து மணிக்கு நம் வீட்டு வானொலியில் நீலாம்பரி ஒலித்தால் யார் திடுக்கிடுகிறோம்?

பாணர் மரபு பின்னர்க் கோயிலைச் சார்ந்தது. 7ஆம் நூற்றாண்டில் திருநீலகண்ட யாழ்ப்பாணர் தம் மனைவி மதங்கசூளாமணியாரோடு ஞானசம்பந்தரைத் தொடர்ந்து சென்று, அவர் பாடல்களை யாழில் இட்டு வாசித்ததைச் சேக்கிழார் விரித்துரைக்கிறார். தேவாரப் பண்களைப் பகற்பண், இரவுப்பண், பொதுப்பண் என ஓதுவார் வகுத்துக் கொண்டனர். புறநீர்மை விடியலுக்கு உரியது. அதனைப் பூபாளம் என்கிறோம். மேகராகக்குறிஞ்சி இரவுக்கு உரியது. நீலாம்பரி என்று நாம் தாலாட்டுவது அதுவே. நாகசுரக் கலைஞர் இம்முறையைக் கோயில் வழிபாட்டு நேரங்களோடு பிணைத்தனர். திருப்பள்ளியெழுச்சிக்குப் பூபாளம், சுவாமி புறப்பாட்டுக்குக் கம்பீரநாட்டையில் மல்லாரி, பள்ளியறைக்கு நீலாம்பரி என்று அமைத்தனர். நான்கு வீதியிலும் உள்ளவர் கண்ணை மூடிக்கொண்டே, கோயிலுக்குள் என்ன நடக்கிறது, இப்போது என்ன பொழுது என்று சொல்லிவிடலாம்.

நம் பெங்களூருக்கு இம்முறை புதிதன்று. தொம்மலூர் சொக்கப்பெருமாள் கோயிலில் 13ஆம் நூற்றாண்டுத் தமிழ்க் கல்வெட்டு உண்டு. தமிழும் வழிபாடும் இருந்த இடத்தில் பொழுதின் இசையும் இருந்திருக்கும் என்று கருதுவதில் பிழையில்லை. ஆனால் நம்மில் பலருடைய முன்னோர் வந்தது 1809இல் ஆங்கிலப் படை இங்குத் தண்டு இறங்கிய பின்னரே. அவர்களை எழுப்பியது படைமுகாமின் ஊதுகொம்பு. பின்னர் ஆலைச் சங்கு. கோலாரில் தங்கம் வெட்டிய நம் உறவினருக்கும் சங்குதான். அச்சுரங்கங்கள் 2001இல் மூடப்பட்டன. 1961இல் தொடங்கிய எச்.எம்.டி. தொழிற்சாலை இந்நகரிலிருந்து நாட்டுக்கே கைக்கடிகாரம் கட்டிவிட்டது. அதன் கடிகாரப் பிரிவையும் மூட 2016இல் அரசு முடிவு செய்தது. அலுவலகத்தில் விரல் ரேகையைப் பதித்துப் பொழுதை மெய்ப்பிக்கும் நம் போன்றோருக்கு நாழிகைக் கணக்கர் எஞ்சியிருக்கிறார் என்று சொல்லலாம். பாணரைத்தான் காணோம். நம் பகுதிக் கோயில் ஒன்றில் பொத்தானை அழுத்தினால் முரசும் மணியும் தாமே அடித்துக்கொள்கின்றன. அதற்கு விடியலும் இரவும் ஒன்றே.

இம்மரபு முன்னரும் ஒருமுறை அறுந்துபோக இருந்தது. தில்லையில் பூட்டிக் கிடந்த ஏடுகளைக் கறையான் அரித்திருந்ததும், எஞ்சியவற்றை நம்பியாண்டார் நம்பி தொகுத்ததும் நாம் அறிந்ததே. ஏடு கிடைத்தது, பண் கிடைக்கவில்லை. எருக்கத்தம்புலியூரில், யாழ்ப்பாணர் வழிவந்த பெண் ஒருத்தியின் குரலில் அது இருந்ததாகத் திருமுறைகண்ட புராணம் கூறுகிறது. அப்பெண்ணின் பெயரைக்கூட நாம் போற்றி வைக்கவில்லை.

இராசராசன் (985–1014) தஞ்சைப் பெரியகோயிலில் திருப்பதியம் பாட 48 பேரையும், உடுக்கையும் கொட்டிமத்தளமும் வாசிக்க இருவரையும் அமர்த்தினான். ஆளுக்கு நாள்தோறும் முக்குறுணி நெல் அளந்தான். அக்கல்வெட்டில் நாம் ஊன்றிப் படிக்க வேண்டிய பகுதி ஒன்று உண்டு. இவர்களுள் ஒருவர் இறந்தாலோ, ஊரைவிட்டு வேறு தேசம் போனாலோ என்ன செய்வது என்பதை அது வகுத்துரைக்கிறது. அவருக்கு நெருங்கிய உறவினர் அந்நெல்லைப் பெற்றுக்கொண்டு பாட வேண்டும். அவர்க்குப் பாடும் தகுதி இல்லையேல், தகுதியுடைய வேறொருவரைத் தேடிப் பிடித்துப் பாடுவிக்க வேண்டும். வேறு தேசம் போனவரின் இடம் ஒருநாளும் வெறுமையாய்க் கிடக்க அக்கல்வெட்டு இடந்தரவில்லை.