சந்தா குறைந்தால் விளையாட்டு யாருடையது?

மாதக் கடைசியில் வரவையும் செலவையும் எதிரெதிரே எழுதிப் பார்க்கும் குடும்பத் தலைவரின் கண்ணில் முதலில் படுவது சந்தாப் பட்டியல். தொலைக்காட்சிக்கு ஒன்று, இணையத்துக்கு ஒன்று, பிள்ளைகளின் வீடியோ விளையாட்டுக்கு ஒன்று. கிள்ளானிலும் பிரிக்பீல்ட்ஸிலும் இத்தகைய வீடுகள் இன்று ஏராளம். விளையாட்டுச் சந்தாவை அடியோடு நிறுத்த மனமில்லாதவர் அதனை மேற்படியிலிருந்து கீழ்ப்படிக்கு இறக்கிவிடுகிறார். சில நாட்கள் சென்றபின் பிள்ளை வந்து, "என் விளையாட்டு பூட்டிக் கிடக்கிறதே" என்று முறையிடுகிறான். "என்" என்ற அந்த ஒரு சொல்லில்தான் வழக்கு முழுவதும் அடங்கியிருக்கிறது. அவ்விளையாட்டு அவனுடையதாக இருந்ததா? இருந்ததெனில் எவ்வாறு கைவிட்டுப் போயிற்று? இல்லையெனில், அவ்வாறு அவனை எண்ணச் செய்தது எது?

விடை காண வேண்டுமாயின், இப்பள்ளத்தாக்கின் வீடுகளுக்குள் பொழுதுபோக்கு எவ்வழியே வந்து புகுந்தது என்பதைச் சற்றுப் பின்னோக்கிப் பார்த்தல் வேண்டும். அது இரண்டு வழிகளில் வந்தது. ஒன்று கம்பி வழி. மற்றொன்று கடை வழி.

கம்பி வழி முந்தியது. 1950களில் கோலாலம்பூரில் 'ரெடிபியூஷன்' என்னும் கம்பி வானொலி நடைபெற்றது. மாதந்தோறும் பணம் கட்டியவர் வீட்டுச் சுவரில் ஓர் ஒலிபெருக்கிப் பெட்டி இருக்கும். கம்பி வழியே பாட்டும் செய்தியும் நாடகமும் வரும். பணம் நின்றால் ஒலியும் நிற்கும். ஆயினும், நின்றுபோன பாட்டைத் தம் சொத்தென்று எவரும் எண்ணியதில்லை. ஆற்று நீரைக் குடித்தவன் ஆற்றுக்குப் பட்டா கேட்பதில்லையல்லவா? 1996 சனவரியில் மீசாட்-1 செயற்கைக்கோள் ஏவப்பட்டு, அதே ஆண்டில் ஆஸ்ட்ரோ ஒளிபரப்பு தொடங்கியபோது, கம்பியின் இடத்தைக் கூரைமேல் வைத்த தட்டு பிடித்துக்கொண்டது. ஒப்பந்தத்தின் தன்மை மட்டும் மாறவில்லை. 'வானவில்' அலைவரிசைக்காகவே ஆஸ்ட்ரோவைப் பொருத்திக்கொண்ட தமிழ் வீடுகள் பல. சந்தாத் தொகுப்பைக் குறைத்தால் சில அலைவரிசைகள் மறையும் என்பதை அவர்கள் அறிந்தே இருந்தனர். விலை கூடிற்று என்று குறை கூறினார்களேயன்றி, உடைமை பறிபோயிற்று என்று கூறினாரில்லை.

கடை வழி வேறு பாடம் கற்பித்தது. 1980களில் வீடியோ நாடாக்களை வாடகைக்குக் கொடுக்கும் கடைகள் பெருகின. வெள்ளிக்கிழமை எடுத்துச் சென்ற தமிழ்ப் படத்தைத் திங்கட்கிழமை திருப்பிக் கொடுக்க வேண்டும்; தவறினால் அபராதம். அங்கே ஐயத்துக்கு இடமில்லை, இரவல் இரவல்தான். பின்னர் மைக்ரோ ஜீனியஸ் போன்ற விளையாட்டுப் பெட்டிகள் வந்தன. அவற்றின் மேற்புறத்தில் செருகும் 'கேசட்'டைப் பிள்ளைகள் விலைக்கு வாங்கினர், அடுத்த வீட்டுப் பையனுக்கு இரவல் தந்தனர், அலுத்துப்போனால் வேறொன்றுக்கு மாற்றிக்கொண்டனர். பிறகு குறுந்தட்டுகளின் காலம். இம்பி பிளாசாவிலும், 1999இல் திறக்கப்பட்ட லோயாட் பிளாசாவிலும், பாசார் மாலாம் எனப்படும் இரவுச் சந்தைகளிலும் சில வெள்ளிகளுக்குக் கள்ளத் தட்டுகள் கிடைத்தன. அரசாங்கம் 2000ஆம் ஆண்டில் ஒளித்தட்டுச் சட்டம் கொண்டுவர வேண்டிய அளவுக்கு அவ்வாணிகம் வளர்ந்திருந்தது. அதன் நியாய அநியாயம் ஒருபுறமிருக்க, நல்ல சரக்கும் கள்ளச் சரக்கும் ஒரே எண்ணத்தைத்தான் மனத்தில் பதியவைத்தன: காசு கொடுத்தாயிற்று, பொருள் கையில் இருக்கிறது, ஆகவே அது நம்முடையது.

இவ்விரு வழிகளும் ஒன்றையொன்று சந்தித்த இடம் மலேசியாவன்று. 1994இல் அமெரிக்காவில் சேகா நிறுவனம், கேபிள் தொலைக்காட்சிக் கம்பி வழியாகவே வீடியோ விளையாட்டுகளை வீடுகளுக்கு அனுப்பும் திட்டமொன்றைத் தொடங்கிற்று. மாதச் சந்தா கட்டியவர் பட்டியலில் இருப்பதை எடுத்து ஆடலாம். பெட்டியை அணைத்தால் விளையாட்டும் நினைவிலிருந்து அழிந்துவிடும். அது 1998இல் முடிந்தது. விற்பனையில் அத்திட்டம் பெரிதாக வெல்லவில்லையெனினும், ஒரு வகையில் அது நேர்மையானது எனலாம். அணைத்தவுடன் மறையும் பொருளை எவரும் உடைமையென்று மயங்கமாட்டார்.

மயக்கம் தோன்றியது 2010 சூனில். சோனி நிறுவனம் 'ப்ளேஸ்டேஷன் ப்ளஸ்' என்னும் சந்தாவை அப்போது தொடங்கியது. மாதந்தோறும் சில விளையாட்டுகளைச் சந்தாதாரர் தம் கணக்கில் சேர்த்துக்கொள்ளலாம். சேர்த்தவை அவர் விலைக்கு வாங்கிய விளையாட்டுகளோடு ஒரே நூலக அடுக்கில் வந்து அமர்ந்தன. பார்வைக்கு இரண்டும் ஒன்றே. ஆனால் வாங்கியது சந்தா நின்றாலும் நிற்கும். சேர்த்தது சந்தா உள்ளவரையில்தான் திறக்கும். கடையின் தோற்றமும் கம்பியின் நிபந்தனையும் ஒரே அடுக்கில் கலந்துவிட்டன.

மைக்ரோசாப்ட் நிறுவனம் 2013இல் தொடங்கிய 'கேம்ஸ் வித் கோல்ட்' திட்டத்தில் இக்கலப்பு இன்னும் விந்தையாக அமைந்தது. எக்ஸ்பாக்ஸ் 360 என்னும் பழைய பெட்டிக்காக அதில் கிடைத்த விளையாட்டுகள், சந்தா நின்ற பிறகும் பெற்றவரிடமே தங்கின. அடுத்த பெட்டியான எக்ஸ்பாக்ஸ் ஒன்னுக்குக் கிடைத்தவையோ சந்தாவோடு கட்டுண்டவை. ஒரே திட்டம், ஒரே கட்டணம், இரண்டு விதிகள்! 2023 செப்டம்பரில் அத்திட்டம் மூடப்பட்டது.

மலேசியாவுக்குப் படிநிலைகள் வந்தது 2022 மே மாதத்தில். சோனி தன் சந்தாவை மூன்றாகப் பிரித்து, சப்பான் நீங்கலான ஆசியச் சந்தைகளில் முதலில் நடைமுறைக்குக் கொண்டுவந்தது. அடிப்படி 'எசென்ஷியல்', இணையத்தில் பிறரோடு சேர்ந்து ஆடுதல், மாத விளையாட்டுகள், சேமிப்புகளை நிறுவனத்தின் கணினியில் வைத்துக்கொள்ளுதல் ஆகியவை அதில் உண்டு. நடுப்படி 'எக்ஸ்ட்ரா', நூற்றுக்கணக்கான விளையாட்டுகள் கொண்ட ஒரு பெரும் பட்டியல் இதனோடு சேரும். மேற்படி, பிற நாடுகளில் 'பிரீமியம்'. இணைய ஓடை வழியே ஆடும் வசதி இல்லாத மலேசியா போன்ற நாடுகளில் அதற்குப் பதிலாக 'டீலக்ஸ்'. பழங்காலப் பெட்டிகளின் விளையாட்டுகளும், புதியவற்றைச் சில மணி நேரம் ஆடிப் பார்க்கும் வாய்ப்பும் அதில் உண்டு.

தொடக்கமே சச்சரவாயிற்று. தள்ளுபடி விலையில் பல மாதச் சந்தாவை முன்கூட்டி வாங்கி வைத்திருந்த ஆசிய வாடிக்கையாளர்கள் மேற்படிக்கு ஏற முயன்றபோது, முன்பு பெற்ற தள்ளுபடித் தொகையையும் சேர்த்துக் கேட்டது கணக்கு. சிக்கனம் பார்த்தவருக்கே தண்டனையா என்று கூக்குரல் எழுந்தது. அது தொழில்நுட்பப் பிழை என்றும், கூடுதலாகச் செலுத்தியவர்களின் கணக்கில் அத்தொகை வரவு வைக்கப்படும் என்றும் நிறுவனம் அறிவித்தது. ஏறுவதில் இத்துணைச் சிக்கல் என்றால் இறங்குவதில் எத்துணை என்று பலர் எண்ணியிருக்கக் கூடும். உண்மையில் இறங்குவது எளிது. விளைவுகளை அறிவதுதான் கடினம்.

ஏற்றம் உடனே நிகழும். இறக்கம் உடனே நிகழாது. கட்டிய காலம் முடியும்வரை மேற்படியின் பயன்கள் எல்லாம் தொடரும். அடுத்த கட்டணத் தேதியில்தான் படி மாறும். ஓராண்டுச் சந்தா கட்டியவர் இரண்டாம் மாதத்தில் இறங்க விண்ணப்பித்தால், மீதிப் பத்து மாதங்களும் அவர் மேற்படியில்தான் இருப்பார். அதனாலேயே இறக்கத்தின் விளைவு, இறக்கிய செய்தியைக் குடும்பமே மறந்துவிட்ட ஒரு நாளில் வந்து நிற்கிறது.

அந்நாளில் பெரும் பட்டியலிலிருந்து இறக்கிய விளையாட்டுகள் பூட்டப்படும். அவை பெட்டியின் வட்டிலிருந்து அழிவதில்லை. இடத்தை அடைத்துக்கொண்டே, மேலே பூட்டுச் சின்னத்தோடு கிடக்கும். மாத விளையாட்டுகளாகச் சேர்த்தவை அடிப்படிக்கும் உரியனவாதலின் தொடர்ந்து திறக்கும். இங்கே நுட்பமான ஒரு வேறுபாடு உண்டு. ஒரே விளையாட்டு ஒருகாலத்தில் மாத விளையாட்டாகவும் பின்னர் பெரும்பட்டியலிலும் வந்திருக்கலாம். முன்னதில் சேர்த்தவருக்கு அது நிற்கும். பின்னதில் எடுத்தவருக்குப் போய்விடும். அண்ணன் கணக்கில் திறக்கும் விளையாட்டு தம்பி கணக்கில் பூட்டிக் கிடப்பதன் மர்மம் பெரும்பாலும் இதுதான். சந்தாதாரருக்குரிய தள்ளுபடியில் விலைக்கே வாங்கியவை எப்படியாயினும் நிற்கும்.

ஆடிச் சேர்த்த முன்னேற்றம், அஃதாவது சேமிப்புக் கோப்பு, அழிவதில்லை. மீண்டும் மேற்படிக்கு ஏறினாலோ, அவ்விளையாட்டைத் தனியே வாங்கினாலோ விட்ட இடத்திலிருந்து தொடரலாம். ஏறும்போது அது பட்டியலில் இருக்க வேண்டும் என்பது சொல்லாமலே அமையும் நிபந்தனை. பட்டியலில் புதியன புகுவதும் பழையன கழிவதும் வழக்கம். நூறு மணி நேரம் ஆடிய கோப்பு மட்டும் இருக்க, ஆடுவதற்கு விளையாட்டு இல்லாமற் போவதும் உண்டு.

எல்லாவற்றிலும் வருத்தத்திற்குரியது கூட்டுப் பகுதிகளின் கதி. சந்தாவில் கிடைத்த ஒரு விளையாட்டுக்கு, அதன் தொடர்ச்சியான புதிய கதைப்பகுதியைப் பிள்ளை தன் சேமிப்புப் பணத்தில் வாங்கியிருப்பான். இறக்கத்திற்குப் பின்னும் அப்பகுதி அவனுக்கே சொந்தம், ரசீதும் உண்டு. மூல விளையாட்டு பூட்டப்பட்டதால் அதனைத் திறக்க வழியில்லை. வாடகை வீட்டின் பின்கட்டில் சொந்தக் காசில் ஓர் அறை கட்டியவன் நிலைதான் இது.

பிரிக்பீல்ட்ஸ் மக்களுக்கு இவ்வுவமை வெறும் உவமையன்று. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அரசாங்க ஊழியர்களுக்காகக் கட்டப்பட்ட 'நூறு வீடுகள்' குடியிருப்பு அங்கே இருந்தது. வேலை உள்ளவரை வீடு. வேலை முடிந்தால் சாவியைத் திருப்பிக் கொடுக்க வேண்டும். தலைமுறைகள் பிறந்து வளர்ந்தாலும் கூரை தம்முடையதன்று என்பதை அங்கிருந்தோர் அறிந்தே வாழ்ந்தனர். 2010களில் அவ்வரிசைகள் இடிக்கப்பட்டன. தோட்டத்து லயங்களில் வாழ்ந்தவர்களும் இதே பாடத்தைக் கடுமையாகக் கற்றவர்கள். வீட்டையும் விளையாட்டையும் ஒரே தராசில் நிறுத்தல் தகாது. இழப்பின் அளவு வேறு. ஆனால் அனுமதிக்கும் உடைமைக்கும் உள்ள இடைவெளியைப் பாட்டனார் தெளிவாக அறிந்திருக்க, பேரனுக்கு அது தெரியாதிருப்பதன் காரணம் எண்ணத்தக்கது. பாட்டனாருக்குக் கொடுத்த சாவியில் எவரும் 'உமது நூலகம்' என்று எழுதி வைக்கவில்லை.

சந்தாதாரர் எதுவும் செய்யாதிருந்தும் படி மாறுவதுண்டு. 2020இல் புதிய பெட்டியோடு வந்த 'ப்ளேஸ்டேஷன் ப்ளஸ் கலெக்‌ஷன்' என்னும் தொகுப்பை 2023 மே 9ஆம் நாள் சோனி நிறுத்தியது. அதற்குள் கணக்கில் சேர்த்துக்கொண்டவர்களுக்குச் சந்தா உள்ளவரை அவை தங்கின. பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்றிருந்தவர்களுக்கு இல்லை. மைக்ரோசாப்ட் 2025 அக்டோபரில் தன் படிகளுக்கு எசென்ஷியல், பிரீமியம், அல்டிமேட் என்று பெயரும் உள்ளடக்கமும் மாற்றி, அமெரிக்காவில் மேற்படியின் மாதக் கட்டணத்தை ஏறத்தாழ 20 டாலரிலிருந்து 30 டாலராக உயர்த்தியது. அத்தகைய உயர்வே பலரைக் கீழ்ப்படிக்குத் தள்ளும் விசை. மலேசியாவில் வரியும் அதனோடு சேர்ந்தது. வெளிநாட்டு மின்னியல் சேவைகளுக்கு 2020 சனவரியில் 6 விழுக்காட்டுச் சேவை வரி வந்தது. இரண்டே மாதங்களில் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை வந்து, வீட்டுக்குள் அடைபட்ட பிள்ளைகளுக்கு அதே சேவைகள்தாம் துணையாயின. 2024 மார்ச்சில் வரி 8 விழுக்காடாயிற்று.

சட்டம் என்ன சொல்கிறது? விளையாட்டு விற்கப்படவில்லை, பயன்படுத்த உரிமம் தரப்படுகிறது என்பதே இந்நிறுவனங்களின் ஒப்பந்த வாசகங்களின் சாரம். மலேசியாவின் 1999ஆம் ஆண்டுப் பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டத்தில், நியாயமற்ற ஒப்பந்த நிபந்தனைகள் பற்றிய ஒரு பகுதி 2010இல் சேர்க்கப்பட்டது. பயனீட்டாளர் நடுவர் மன்றம் விசாரிக்கக் கூடிய தொகையின் வரம்பும் 2019இல் 50,000 வெள்ளியாக உயர்ந்தது. கருவி இருக்கிறது. ஆனால் மாதம் சில பத்து வெள்ளிகளுக்காக மன்றப் படியேறுபவர் எத்தனை பேர்? மேலும், படி இறங்கினால் பட்டியல் மூடும் என்பது ஒப்பந்தத்தில் எழுதியே இருப்பதால், பூட்டியது குற்றமென்று வாதாடுவது எளிதன்று. வாதத்திற்கு இடமுள்ளது வேறோரிடத்தில்: விற்பதுபோல் காட்டி வாடகைக்கு விடுவதில்.

அவ்விடத்தைத்தான் கலிபோர்னியா தொட்டது. அங்கே 2024இல் கையொப்பமாகி 2025 சனவரி முதல் நடைமுறைக்கு வந்த சட்டம், வெறும் உரிமமாகத் தரப்படும் மின்னியல் பொருளின்மீது 'வாங்கு' என்ற சொல்லை விளக்கமின்றிப் பொறிப்பதைத் தடுக்கிறது. பெறுவது உரிமமே என்பதை வாங்குவோருக்குத் தெளிவாக அறிவித்தால் மட்டுமே அச்சொல்லுக்கு இடமுண்டு. ஆயினும், காலவரையறையை வெளிப்படையாகக் கொண்ட சந்தாக்களுக்கு அச்சட்டம் விலக்களித்திருக்கிறது. கீழ்ப்படிக்கு இறங்கிய சந்தாதாரர் ஒருவர் பூட்டுச் சின்னத்தைக் காட்டி அச்சட்டத்தைத் துணைக்கழைத்தால், அது அவருக்கு வராது. தம் பெயரில் ரசீது வைத்துக்கொண்டு திறக்க வழியற்ற கதைப்பகுதியைக் காட்டினால் வருமா என்பது இனி ஒரு நீதிமன்றம் சொல்ல வேண்டியது.