கோடீஸ்வரன் வழக்கு: திறந்த கதவும் விடை காணாத வினாவும்

நீதிமன்றச் செய்தி எழுதப் பழகும் எந்தப் பத்திரிகையாளனும் தொடக்கத்திலேயே கற்றுக்கொள்ளும் பாடம் ஒன்றுண்டு. ஒரு தீர்ப்பினால் ஆயிரம் பேர் பாதிக்கப்படலாம். ஆனால் எல்லோரும் மேன்முறையீடு செய்துவிட முடியாது. குடியியல் வழக்கொன்றில் திறத்தவராக இருந்து, தீர்ப்பினால் மனக்குறையுற்றவருக்கே அந்த உரிமை உண்டு. நமது குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 754ஆம் பிரிவு இன்றும் இதையே கூறுகின்றது. நீதிமன்றத்தின் முன் நிற்கும் இந்தத் தகுதி, நமது வரலாற்றில் என்ன பாடுபட்டது என்பதற்குச் செல்லையா கோடீஸ்வரன் வழக்கே சான்று.

கோடீஸ்வரன் ஓர் அரசாங்க எழுதுவினைஞர். 1956ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க அரசகரும மொழிச் சட்டம், அதாவது தனிச் சிங்களச் சட்டம், நடைமுறைக்கு வந்தபின், சிங்களத் தேர்ச்சியைக் கோரும் சுற்றறிக்கை ஒன்றைத் திறைசேரி 1961இல் வெளியிட்டது. தேர்வுக்குத் தோற்ற மறுத்த கோடீஸ்வரனின் சம்பள ஏற்றம் 1962இல் நிறுத்தப்பட்டது. அவர் சட்டமா அதிபரை எதிர்த்துக் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார். மொழிச் சட்டம், சிறுபான்மையினருக்குப் பாதுகாப்பளித்த சோல்பரி யாப்பின் 29ஆம் பிரிவுக்கு முரணானது என்பதே அவரது வாதம். 1964இல் மாவட்ட நீதிபதி ஓ.எல். டி கிரெட்சர் அவ்வாதத்தை ஏற்று, அச்சட்டம் செல்லுபடியற்றது என்று தீர்ப்பளித்தார்.

தோல்வியுற்ற திறத்தவர் என்ற வகையில் சட்டமா அதிபர் உயர் நீதிமன்றத்துக்கு மேன்முறையீடு செய்தார். 1967இல் பிரதம நீதியரசர் எச்.என்.ஜி. பெர்னாண்டோ தலைமையிலான அமர்வு தீர்ப்பை மாற்றியது. ஆயினும் மொழிச் சட்டம் செல்லுமா என்ற வினாவை அது தீர்க்கவேயில்லை. அரச ஊழியர் ஒருவர் தமது சம்பளத்துக்காக முடிக்கு எதிராக வழக்காட உரிமையற்றவர் என்றது. வழக்காடும் தகுதியே இல்லாதவரின் முறைப்பாட்டை ஆராய வேண்டிய தேவை எழாதல்லவா?

கோடீஸ்வரன் இலண்டனிலுள்ள கோமறைக் கழகத்துக்கு மேன்முறையீடு செய்தார். 1969 டிசம்பரில் டிப்ளொக் பிரபு வழங்கிய தீர்ப்பு உயர் நீதிமன்றத்தின் முடிவை நிராகரித்தது. உரோம டச்சுச் சட்டம் நிலவிய இலங்கையில், அரச ஊழியர் தாம் உழைத்த சம்பளத்துக்காக முடிமீது வழக்குத் தொடரலாம் என்று அது தெளிவுபடுத்தியது. ஆனால் யாப்பு வினாவைத் தானே தீர்க்காமல், அதனை ஆராயுமாறு வழக்கை உயர் நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பியது.

ஏழு ஆண்டுகள் போராடி வழக்காடும் உரிமையைக் கோடீஸ்வரன் வென்றெடுத்தார். எதற்காக அவ்வுரிமையைக் கோரினாரோ, அந்த வினா மட்டும் மீண்டும் விசாரணைக்கு வரவேயில்லை. 1971இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972 மே 22இல் வந்த குடியரசு யாப்பில் 29ஆம் பிரிவுக்கு இடமில்லை. சிங்களமே அரசகரும மொழி என்பது யாப்பிலேயே எழுதப்பட்டது.

பாதிக்கப்பட்ட ஏனைய தமிழ் ஊழியர்கள் இவ்வழக்கின் திறத்தவர்கள் அல்லர். ஒரு தனிமனிதரின் பெயரிலேயே ஒரு சமூகத்தின் வினா நீதிமன்றத்தின் முன் நின்றது. அவ்வழக்கு முடங்கியபோது அந்த வினாவும் உடன் முடங்கியது.

1987இல் 13ஆவது திருத்தத்தின் மூலம் தமிழும் அரசகரும மொழியாயிற்று. அது பாராளுமன்றம் அளித்த விடை. 1956இன் சட்டம் 29ஆம் பிரிவை மீறியதா என்ற வினாவுக்கு இவ்வழக்கில் நேராக விடையளித்தவர், ஒரு மாவட்ட நீதிபதி மட்டுமே. அவருக்கு மேலிருந்த இரு நீதிமன்றங்களும் கோடீஸ்வரன் வழக்காடலாமா என்பதையே ஆராய்ந்தன. அவர் கூறியது சரியா என்பதை இறுதிவரை ஆராயவில்லை.