'டைகுளோசியா' என்னும் சொல்லும் தமிழின் இரு வழக்கும்

மொழியியல் நூல்களைப் பயிலும் தமிழ் மாணவர் அடிக்கடி எதிர்ப்படும் ஆங்கிலக் கலைச்சொற்களுள் 'டைகுளோசியா' என்பது ஒன்று. பொது ஆங்கிலத்தில் இஃது அருகியே வழங்கும். நம் நாட்டில் இதனை 'இரட்டை வழக்கு' என மொழிபெயர்த்துக் கொண்டுள்ளனர். அவ்வளவில் அமையாது, இச்சொல் சுட்டும் இரு வகையுள் உயர்ந்ததனைச் செந்தமிழ் என்றும், மற்றையதனைக் கொடுந்தமிழ் என்றும் கொண்டு, பெர்குசன் 1959இல் கூறியதனைத் தொல்காப்பியர் பண்டே கூறிவிட்டார் என முடிவு கட்டுவாரும் உளர். ஆய்வேடுகள் சிலவற்றில் இம்முடிவு ஆராயப்படாமலே இடம்பெற்று விடுகின்றது. தொன்மை பற்றிய பெருமிதம் நன்றே. எனினும், சொல்லின் பொருளை உள்ளவாறு உணராது கொண்ட பெருமிதம் நூற்பாக்களின் பொருளையும் திரித்துவிடும். ஆதலின், அச்சொல்லின் வரலாற்றை முதற்கண் கண்டு, பின்னர் நம் இலக்கண நூலாரின் பாகுபாடுகளோடு அதனை ஒப்புநோக்குவாம்.

'டி' என்பது கிரேக்க மொழியில் இரண்டு எனப் பொருள்படும். 'குளோசா' என்பது நா, மொழி என்னும் இரு பொருளும் தரும். நா என்னும் உறுப்பின் பெயர் மொழிக்கு ஆகி வருதல் பல மொழிகட்கும் பொதுவாகலின் இதனில் வியப்பில்லை. கி.மு. 5ஆம் நூற்றாண்டினராகிய வரலாற்றாசிரியர் துசிடிடீசு, தூது சென்ற காரிய நாட்டான் ஒருவனை இச்சொல்லின் அடை வடிவத்தாற் குறிக்கின்றார். ஆண்டு அதன் பொருள் இரு மொழி வல்லான் என்பதேயாம். கிரேக்கத்திற் பெயர்க்கப்பெற்ற சீராக்கின் நூலிலோ அவ்வடை ஒன்றை நினைந்து ஒன்றைக் கூறும் வஞ்சகனுக்கு ஆயிற்று. இரட்டை நாக்கு உடையவன் என நம்மவர் கூறுவதும் அக்கருத்தினதே. மருத்துவ நூலார் நுனி பிளவுபட்ட நாவினை இச்சொல்லாற் குறிப்பதும் உண்டு. இதனோடு உறவுடைய 'டைகுளாட்' என்பது ஒரு பக்கத்து மூலமும் எதிர்ப்பக்கத்து மொழிபெயர்ப்புமாக அச்சிட்ட நூலுக்குப் பெயராயிற்று. இவற்றுள் எதுவும் இன்றைய மொழியியற் பொருளன்று.

இன்றைய பொருள் பிறந்த இடம் பத்தொன்பதாம் நூற்றாண்டின் கிரேக்க நாடு. துருக்கியர் ஆட்சியினின்று விடுதலை பெற்ற அந்நாட்டில், அரசுக்கும் கல்விக்கும் உரிய மொழி யாது என்னும் வினா எழுந்தது. மக்கள் பேசிய 'திமோதிகி' ஒருபுறமும், பழங்கிரேக்கச் சாயலிற் புலவர் திருத்தி அமைத்த 'கதரேவுசா' மறுபுறமும் நின்றன. இரண்டாவதன் பெயருக்கே தூய்மைப்படுத்தப்பெற்றது என்பது பொருள். இந்நிலையைச் சுட்ட எழுத்தாளர் ரொயிதிசு 1885இல் இச்சொல்லைக் கையாண்டார். பாரிசில் வாழ்ந்த கிரேக்க அறிஞர் சிக்காரி இதனைப் பெருவழக்காக்கினார். அவர் 1888இல் 'என் பயணம்' என்னும் பெயரிய நூலை மக்கள் மொழியிலேயே எழுதி வெளியிட்டவர்.

இஃது ஏட்டளவில் நின்ற வழக்கன்று. 1901இல் நற்செய்தி நூலைப் பல்லிசு என்பார் மக்கள் மொழியிற் பெயர்க்க, அதனை ஏதென்சு நகர நாளிதழ் ஒன்று தொடர்ந்து வெளியிட்டது. மாணவர் கிளர்ந்தெழுந்தனர், கலவரத்தில் எண்மர் உயிரிழந்தனர், அமைச்சரவை வீழ்ந்தது, பேராயரும் பதவி துறந்தார். அதனை அடுத்த ஆண்டில் செருமானிய அறிஞர் குரும்பாகர் கதரேவுசாவைக் கண்டித்து உரையாற்ற, கிரேக்க மொழிநூலார் அவருக்கு மறுப்பு எழுதினர். 1976இல்தான் மக்கள் மொழி அந்நாட்டின் ஆட்சிமொழியாயிற்று. ஆக, இச்சொல் ஒரு முறையீட்டின் மொழியாகவே பிறந்தது என்பதனை நாம் மறத்தலாகாது. சிக்காரி 1928இல் எழுதிய கட்டுரையின் தலைப்பே, தன் மொழியை வேண்டாத நாடு என்பதாகும். நோயின் பெயரைக் கூறுவார் போன்றே அவர் இச்சொல்லைக் கூறினார்.

1930இல் மார்சே என்னும் பிரெஞ்சு அறிஞர் இதனை அரபு மொழிக்கு எடுத்தாண்டார். அரபு மொழியில் வல்லவராகிய அமெரிக்க அறிஞர் சார்லசு பெர்குசன், ஆங்கிலத்தில் இக்கருத்துக்கு ஏற்ற சொல் வழக்கில் இன்மையின் பிரெஞ்சு வடிவினை ஒட்டி இதனை அமைத்துக்கொண்டு, 1959இல் 'வேர்டு' என்னும் ஆய்விதழில் இதனையே தலைப்பாகக் கொண்ட கட்டுரையை வெளியிட்டார். அரபு, இக்காலக் கிரேக்கம், சுவிட்சர்லாந்தின் செருமன், ஐத்தி நாட்டின் கிரியோல் என்னும் நான்கனையும் அவர் சான்றாகக் கொண்டார். பயன்பாடு, மதிப்பு, இலக்கியச் செல்வம், கற்கும் முறை, வரையறைப்பாடு, நிலைபேறு, இலக்கணம், சொற்றொகுதி, ஒலியமைப்பு என்னும் ஒன்பது கூறுகளால் அந்நிலையை விளக்கினார். நோயென்றோ நலமென்றோ தீர்ப்புக் கூறாது, உள்ளதனை உள்ளவாறு வரைந்தமை அவர்தம் சிறப்பு.

அவ்வொன்பதனுள் நம் ஆராய்ச்சிக்கு உயிர்நிலையாவன இரண்டு. ஒன்று, உயர் வழக்கும் தாழ் வழக்கும் இடம் நோக்கி மாறுதல். பல்கலைக்கழகச் சொற்பொழிவு, செய்தியறிக்கை, இதழின் தலையங்கம் ஆகியன உயர் வழக்கின் இடங்கள்; வீட்டிலும் நண்பரிடத்தும் நிகழும் உரையாடல் தாழ் வழக்கின் இடம். மற்றொன்று, உயர் வழக்கு எவர்க்கும் தாய்மடியிற் கற்ற மொழியன்று என்பது. பள்ளியிலும் நூலிலும் கற்றே அதனைப் பெறுகின்றனர். அதனை நன்கு கற்றவரும் இல்லத்தில் அதனைப் பேசுவதில்லை. எனவே, இங்கு வேறுபாடு மக்களிடையே அமைவதன்று. ஒருவருடைய வாயிலேயே, பேசும் இடத்தினால் அமைவது. வட்டார மொழியினின்று இந்நிலையைப் பிரித்துக் காட்டும் எல்லைக்கோடு இதுவேயாம்.

1967இல் பிசுமன் என்பார் இச்சொல்லின் எல்லையை மிக விரித்தார். பரகுவே நாட்டின் இசுப்பானியமும் குவரனியும் போன்று, உறவே இல்லாத இரு மொழிகள் பணியாற் பிரிந்து நிற்பதனையும் இதனுள் அடக்கினார். இவ்விரிவு பயனுடைத்தெனினும், இதனால் சொல் இருபொருட்பட்டது. மாணவர் இருமொழியம் என்பதனையும் இரட்டை வழக்கு என்பதனையும் ஒன்றாக்கி எழுதுதற்கு இவ்விரிவே பெரிதும் காரணம் என்பது எம் கருத்து. பெர்குசனின் பொருளா, பிசுமனின் பொருளா என்பதனை ஆய்வேட்டின் முதற்பக்கத்திலேயே கூறிவிடுதல் நலம்.

இனித் தமிழுக்கு வருவாம். இலட்சக்கணக்கான தமிழ் மக்களின் வழக்கு தம் வரையறைக்கு முழுவதும் பொருந்துவது எனப் பெர்குசன் அக்கட்டுரையிலேயே குறிப்பிட்டுள்ளார். அடுத்த ஆண்டில், அதாவது 1960இல், அவரும் கம்பர்சும் பதிப்பித்த தொகுதியில் மு. சண்முகம் பிள்ளை அவர்கள் இலக்கியத் தமிழையும் பேச்சுத் தமிழையும் ஒப்பிட்டு விரிவாக எழுதினார். 'வந்துகொண்டிருக்கிறார்கள்' என எழுதும் கையினரே 'வந்துகிட்டிருக்காங்க' எனப் பேசும் வாயினராகவும் உள்ளனர். 'வேண்டும்' என்பது 'வேணும்' என்றாகின்றது. இதனை மறுப்பார் இலர். வினா, இந்நிலையைப் பண்டையோர் செந்தமிழ், கொடுந்தமிழ் என்னும் சொற்களாற் குறித்தனரா என்பதேயாம்.

குறித்திலர் என்பது எம் துணிபு. தொல்காப்பிய எச்சவியலில் திசைச்சொல் என்பது செந்தமிழ் நிலத்தைச் சார்ந்த பன்னிரு நிலத்தார் தம் குறிப்பிற் கூறும் சொல்லாக விளக்கப்படுகின்றது. சேனாவரையர் முதலிய உரையாசிரியர் செந்தமிழ் நிலத்துக்கு வையையாறு, மருதயாறு, கருவூர், மருவூர் என நான்கெல்லை வகுப்பர். தெய்வச்சிலையார் அவ்வெல்லையை ஏற்றிலர். எனினும் அவர் வகுப்பதும் நில எல்லையே. உரையாசிரியர் தரும் சான்றுகளை நோக்குக. குட்டநாட்டார் தாயைத் தள்ளை என்பர். தென்பாண்டி நாட்டார் ஆவினையும் எருமையினையும் பெற்றம் என்பர். பூழிநாட்டார் நாயை ஞமலி என்பர். இவையனைத்தும் நிலம் பற்றிய வேறுபாடுகள். குட்டநாட்டான் வீட்டில் ஒன்றும் அவையில் ஒன்றும் கூறினான் என்னும் குறிப்பு யாண்டும் இல்லை.

இதனினும் வலிய சான்று ஒன்றுண்டு. இயற்சொல், திரிசொல், திசைச்சொல், வடசொல் என்னும் நான்கும் செய்யுள் ஈட்டுதற்கு உரியன எனத் தொல்காப்பியர் வகுத்தார். எனவே, கொடுந்தமிழ் நாட்டுச் சொல் செய்யுளினின்று விலக்கப்பட்டதன்று. செய்யுளுக்கு உரிமை பெற்ற சொல்லே அது. ஞமலி என்பது சங்கச் செய்யுட்களில் தடையின்றிப் பயில்கின்றது. பெர்குசனின் தாழ் வழக்குச் சொல்லோ உயர் வழக்கினுட் புகின் பிழையாகவோ நகைப்புக்கு இடமாகவோ ஆகும். விலக்கப்படும் ஒன்றையும் வரவேற்கப்படும் ஒன்றையும் ஒருநிகரென்று கொள்ளுதல் யாங்ஙனம்?

ஆயின், கொடுந்தமிழ் என்பதற்குப் பேச்சுமொழி என்னும் பொருள் யாண்டு வந்தது? வீரமாமுனிவர் இரு தமிழுக்கும் இலத்தீனில் வேறுவேறு இலக்கணம் வகுத்தார். மக்கள் வழக்கிற்கு உரியதனைக் கொடுந்தமிழ் இலக்கணம் என 1728இல் எழுதினார். அது 1738இல் தரங்கம்பாடியில் அச்சேறியது. இலக்கியத் தமிழுக்கு உரியதனை 1730இல் முடித்தார். அதனைப் பாபிங்டன் ஆங்கிலத்திற் பெயர்த்து 1822இல் வெளியிட்டார். மறைபரப்ப வந்தோர் மக்களோடு பேச ஒரு தமிழும், நூல் பயில ஒரு தமிழும் கற்க வேண்டியிருந்தமையின் முனிவர் நிலவேறுபாட்டினும் இடவேறுபாட்டினையே முதன்மையாகக் கண்டார். பெர்குசனுக்கு இருநூறு யாண்டுகட்கு மேல் முற்பட்டே தமிழின் இரு வழக்கினை இரு நூலாற் பிரித்துக் காட்டியவர் அவரே. அவர்தம் நுண்ணோக்கு பாராட்டற்குரியது. எனினும், அவர் பழைய சொல்லிற் புதிய பொருளைப் பெய்தார். 1856இல் வெளிவந்த கால்டுவெல்லின் ஒப்பிலக்கணம் அப்பொருளையே மேற்கொண்டது. அதன்வழிப் பயின்ற நாம், புதிய பொருளைப் பழைய நூற்பாவின் மேல் ஏற்றி, அதனைத் தொல்காப்பியர் கருத்தென்று கொண்டாடுகின்றோம். 1986இல் தமிழின் இந்நிலையைப் பற்றி நூலெழுதிய பிரான்சிசு பிரிட்டோ, பயன்பாடு பற்றியது, பயன்படுத்துவோர் பற்றியது என இதனை இருவகைப்படுத்தியுள்ளார். அப்பகுப்பின்படி நோக்கினும், உரையாசிரியரின் கொடுந்தமிழ் பயன்படுத்துவோர் பாற்படுமேயன்றிப் பயன்பாட்டின் பாற்படாது.

செந்தமிழ், கொடுந்தமிழ் என்பன பொருந்தாவிடினும், வழக்கு, செய்யுள் என்னும் பாகுபாடு பொருந்தாதோ எனின், அது சிறிது அணுகி வருவதே. ஒருவரைப் பன்மையாற் கூறுதல் வழக்கின்கண் உயர்த்திக் கூறும் கூற்றேயன்றி இலக்கணநெறி அன்று எனக் கிளவியாக்கத்தில் ஆசிரியர் கூறுவது மிகவும் எண்ணத்தக்கது. பேசுவாரின் வாயில் நிகழ்வதும் நூலின் விதியும் வேறுபடுதலை அவர் கண்டார்; கண்டதனைப் பழிக்காது நூலுள்ளேயே பதிந்தார். ஆனால், மரபியலில் வழக்கென்பது உயர்ந்தோர் வழக்கே எனவும் வரையறுத்தார். உயர்ந்தோரின் பேச்சே அளவுகோலாயின், அப்பேச்சுத் தாழ் வழக்காதல் இயலாது. உயர்ந்தோரும் இல்லத்தில் தாழ் வழக்கினைப் பேசுதல் பெர்குசன் கண்ட நிலை. உயர்ந்தோர் பேச்சே நெறியாதல் தொல்காப்பியர் கண்ட நிலை. நன்னூலார் மரூஉவினை இயல்பு வழக்கினுள் வைத்து ஏற்றுக்கொண்டமையும் பிற்காலத்தார் 'கொச்சை' என்று ஒதுக்கிய மனப்பான்மையினின்று வேறுபட்டதேயாம். தமிழின் இரட்டை வழக்கு எந்நூற்றாண்டில் தோன்றியது என்னும் வினாவுக்குக் கல்வெட்டுக்களின் மொழியை நாடி விடை காண வேண்டுமேயன்றி, இரண்டு பழஞ்சொற்களைச் சுட்டி விடை கூறிவிட்டதாக அமைதல் தகாது.

மொழிபெயர்ப்பைப் பற்றியும் ஒன்று கூறுவாம். 'இரட்டை' என்பது ஒத்த இரண்டனை நினைவூட்டும் சொல். இந்நிலையிலோ ஒன்று மற்றொன்றின் மேல் அமைந்து கிடக்கின்றது. அக்குறை இருப்பினும், பயின்றுவிட்ட சொல்லை மாற்றுதல் வேண்டா என்பதே எம் கருத்து. ஆனால் அதன் இரு கூறுகளையும் எழுத்து வழக்கு, பேச்சு வழக்கு எனக் குறித்தல் ஆராய்ச்சிக்குப் போதாது. அரசியல் மேடையில் முழங்கும் அடுக்குமொழி வாயினாற் பேசப்படுவதே. எனினும் அஃது உயர் வழக்கு. புதினத்துள் மாந்தர் உரையாடும் தாழ் வழக்கு கையினால் எழுதப்படுவதே. திரைப்பட உரையாடலோ 1950ஆம் ஆண்டுகளில் பெரும்பாலும் உயர் வழக்கினதாய் இருந்து பின்னர்ப் படிப்படியாகப் பேச்சினை நோக்கி நகர்ந்தது. எழுத்தோ பேச்சோ என வினவுதலினும் எவ்விடத்து, எவரிடத்து, எப்பொருள் பற்றி என வினவுதலே இத்துறையில் ஆராயப் புகும் மாணவர்க்கு உரிய முதற்பணியாகும்.